வியர்ட் அல் யாங்கோவிக்: ஒரு பகடிப் பாடகரை 12 நிமிடத்தில் காட்டுவது எப்படி?

காட்சித் தொடர்பியல் படிக்கும் ஒரு மாணவரின் கேள்வி: “அமெரிக்கப் பகடிப் பாடகர் ‘வியர்ட் அல்’ யாங்கோவிக் பற்றி, கிடைக்கிற பழைய காட்சிகளையும் பேட்டிகளையும் வைத்து 12 நிமிட ஆவணப்படம் செய்யப் போகிறேன். அடுத்தவர் மெட்டில் வேறு வரி போட்டுப் பாடுகிறவர்தானே, அதில் சொல்ல என்ன இருக்கிறது என்று வகுப்பில் கேட்கிறார்கள். எதைக் காட்டலாம், எதை விடலாம்?”

வகுப்பில் கேட்பவர்களைக் குறை சொல்ல முடியாது. பள்ளியில் நாம் எல்லோரும் சினிமாப் பாட்டை வரி மாற்றிப் பாடியிருக்கிறோம். அதனால் இது யாரும் செய்யக்கூடிய வேலை என்றுதான் தோன்றும். உங்கள் படம் இந்த ஒரு எண்ணத்தைக் கலைத்தால் போதும். அதற்கு நீங்கள் காட்ட வேண்டியது அவருடைய காது. சுருட்டை முடி, மீசை, மூக்குக் கண்ணாடி, பூப்போட்ட சட்டை எல்லாவற்றையும் தொலைக்காட்சிகள் 40 வருடமாகக் காட்டிவிட்டன. அவருடைய கேள்வி ஞானத்தை மையமாக வைத்து யாராவது ஒரு சிறு படம் செய்தால் நான் சந்தோஷப்படுவேன்.

ஏன் இப்படிச் சொல்கிறேன் என்றால், நான் ஆவணப்படங்களுக்கு ஒலித்தொகுப்பு செய்கிறவன். ஒருமுறை மைக்கேல் ஜாக்சனின் ‘பீட் இட்’ பாட்டையும் யாங்கோவிக்கின் ‘ஈட் இட்’ பாட்டையும் கணினியில் மேலும் கீழுமாக இரண்டு டிராக்கில் வைத்து, ஒன்றை இடது காதுக்கும் மற்றதை வலது காதுக்கும் அனுப்பிக் கேட்டேன். இரண்டும் இம்மி பிசகாமல் ஒன்றாக ஓடாது, கொஞ்ச நேரத்தில் விலகிவிடும். ஆனாலும் ஒவ்வொரு வாத்தியமும் உள்ளே நுழையும் விதம், டிரம்மின் கனம், கிதார் அந்த ஒரே சொற்கட்டைத் திரும்பத் திரும்பச் சொல்லும் தோரணை எல்லாம் இரண்டு காதிலும் ஒரே வார்ப்பாக இருந்தன. யாராவது வாயைத் திறந்து பாடும்வரை எந்தக் காதில் எது என்று எனக்கே தடுமாறியது. அசல் பாட்டின் இசைத்தட்டு மேல் வேறு குரலை ஏற்றிய வேலை அல்ல இது. யாங்கோவிக்கின் ஆட்கள் ஸ்டுடியோவில் உட்கார்ந்து ஒவ்வொரு வாத்தியத்தையும் புதிதாக வாசித்துப் பதிவு செய்தது. இந்த உண்மையைத் தெரிந்துகொண்டாலே உங்கள் வகுப்பில் பாதிப் பேர் வேறு மாதிரி கேட்க ஆரம்பிப்பார்கள்.

சரி, ஆரம்பத்திலிருந்து வருகிறேன்.

ஆல்ஃபிரட் மேத்யூ யாங்கோவிக் 1959 அக்டோபர் 23-இல் கலிஃபோர்னியாவில் பிறந்தார். லாஸ் ஏஞ்சலஸை ஒட்டிய லின்வுட் என்ற ஊரில், நிக், மேரி தம்பதிக்கு ஒரே பிள்ளையாக வளர்ந்தார். வீடு வீடாகப் போய் இசை வகுப்புக்கு ஆள் சேர்க்கும் ஒருவர் அவர்கள் வீட்டுக்கும் வந்தார். கிதார் அல்லது அக்கார்டியன், இரண்டில் ஒன்றைக் கற்றுக்கொள்ளலாம் என்றார். பெற்றோர் அக்கார்டியனைத் தேர்ந்தார்கள். அந்தக் காலத்தில் போல்கா என்ற ஐரோப்பிய நடன இசையில் ‘போல்கா ராஜா’ என்று அமெரிக்காவில் பெயர் வாங்கியிருந்த ஃபிராங்கி யாங்கோவிக் அக்கார்டியன் வாசிப்பவர். உறவு எதுவும் கிடையாது, பெயர்தான் ஒன்று. யாங்கோவிக் என்று இன்னொரு அக்கார்டியன்காரர் உலகத்துக்கு வேண்டும் என்று பெற்றோர் நினைத்ததாக அவரே பேட்டிகளில் சொல்லியிருக்கிறார். ஏழாவது பிறந்தநாளுக்கு முந்தைய நாள் முதல் வகுப்பு.

இந்த வாத்தியத்தை உங்கள் படத்தில் ஒரு முழு நிமிடம் நெருக்கமாகக் காட்டுங்கள். ஹார்மோனியம் தெரிந்தவர்களுக்கு அக்கார்டியன் சட்டென்று புரியும். இரண்டிலும் துருத்தி காற்றைத் தள்ளுகிறது, இரண்டிலும் ரீடுதான் பாடுகிறது. ஹார்மோனியத்தைத் தரையில் வைத்து ஒரு கையால் துருத்தியை இயக்குவோம். அக்கார்டியனை மார்போடு கட்டிக்கொண்டு நிற்க வேண்டும். வலது கைக்குப் பியானோ போன்ற கட்டைகள், இடது கைக்கு வரிசை வரிசையாகப் பொத்தான்கள். அந்தப் பொத்தான்களில் பலவற்றில் ஒன்றை அழுத்தினால் ஒரு முழு கார்டே, அதாவது சேர்ந்து ஒலிக்கும் பல சுரங்கள், ஒலிக்கும். ஆக, ஒரே ஆள் மெட்டு, அடிச்சுரம், கார்டு மூன்றையும் தன் உடம்பிலேயே சுமந்து நடக்கலாம். ஒரு பாட்டை அக்கு அக்காகப் பிரித்துக் கேட்கும் பழக்கம் இதிலேயே வந்துவிடுகிறது என்பது என் எண்ணம். மூன்று வருடம்போல வகுப்புக்குப் போனார், அப்புறம் தானாகவே கற்றார். எல்டன் ஜானின் 1973 இசைத்தட்டான ‘குட்பை யெல்லோ பிரிக் ரோட்’ ஓட ஓடக் கூடவே வாசித்துத்தான் அக்கார்டியனில் ராக் வாசிக்கப் பழகினேன் என்று சொல்லியிருக்கிறார். பியானோவுக்கு எழுதிய பாட்டைத் துருத்தி வாத்தியத்தில் காதால் மட்டும் கேட்டுப் பிடித்த பையன். படிப்பிலும் கெட்டி. 16 வயதிலேயே பள்ளியில் முதல் மாணவராக வெளியே வந்தார். சான் லூயிஸ் ஒபிஸ்போவில் கால் பாலி என்று அழைக்கப்படும் பல்கலைக்கழகத்தில் கட்டடக்கலை படித்துப் பட்டமும் வாங்கினார். ‘வியர்ட் அல்’, அதாவது கிறுக்கு அல் என்ற பெயர் அந்தக் கல்லூரி வானொலியில் நிலைத்தது.

உங்கள் படத்தின் முதல் பெரிய காட்சி ஒரு கழிப்பறையில் நடக்கிறது. 1979-இல் ‘த நாக்’ என்ற குழுவின் ‘மை ஷரோனா’ அமெரிக்கா முழுக்க ஒலித்துக்கொண்டிருந்தது. யாங்கோவிக் அதை ‘மை பொலோனா’ ஆக்கினார். பொலோனா என்பது ரொட்டிக்குள் வைத்துச் சாப்பிடும் ஒருவகை இறைச்சி. கல்லூரி வானொலி நிலையத்துக்கு எதிரில் இருந்த கழிப்பறைக்கு அக்கார்டியனைத் தூக்கிக்கொண்டு போய் அங்கே பதிவு செய்தார். காரணம் அங்கே கிடைத்த எதிரொலி. ஸ்டுடியோவில் பணம் கொடுத்து வாங்க வேண்டிய கார்வை அங்கே சுவரிலிருந்து இலவசமாக வந்தது. இன்றைக்கும் அந்தப் பதிவைக் கேட்டால் அறையின் அளவைக் காதாலேயே ஊகிக்கலாம். அந்த நாடாவை டாக்டர் டிமென்டோவுக்கு அனுப்பினார். பாரட் ஹான்சன் என்பவர் அந்தப் புனைபெயரில் வேடிக்கைப் பாட்டுகளுக்கென்றே வானொலி நிகழ்ச்சி நடத்தி வந்தார். பள்ளி நாட்களிலிருந்தே யாங்கோவிக் வீட்டில் பதிவு செய்த நாடாக்களை அவருக்கு அனுப்பிக்கொண்டிருந்தார். 1976-இலேயே ஒன்று ஒலிபரப்பாகியிருந்தது. த நாக் குழு அவருடைய கல்லூரிக்கே கச்சேரிக்கு வந்தபோது போய்ப் பார்த்தார். குழுவின் பாடகர் டக் ஃபீகருக்குப் பாட்டு பிடித்துப்போய், தங்கள் நிறுவனமான கேபிடலிடம் இதை இசைத்தட்டாகப் போடச் சொன்னார். அவர்களும் போட்டார்கள். யாரைப் பகடி செய்தாரோ அவரே கைதூக்கி விட்டார். அவருடைய தொழில் வாழ்க்கை இப்படித்தான் தொடங்கியது. இதை மனதில் வையுங்கள், பின்னால் அனுமதி பற்றிப் பேசும்போது தேவைப்படும்.

அடுத்தது 1980 செப்டம்பர் 14. டாக்டர் டிமென்டோவின் நிகழ்ச்சியில் நேரடியாகப் பாட வந்திருக்கிறார். கையில் இருப்பது குவீன் குழுவின் ‘அனதர் ஒன் பைட்ஸ் த டஸ்ட்’ பாட்டை மாற்றிய ‘அனதர் ஒன் ரைட்ஸ் த பஸ்’, கூட்டம் நெரியும் பேருந்தைப் பற்றிய பாட்டு. அசல் பாட்டின் உயிரே பேஸ் கிதாரும் டிரம்மும்தான். இவரிடம் இரண்டும் இல்லை. நிலையத்துக்கு வந்திருந்த ஜான் ஷ்வார்ட்ஸ் என்ற இளைஞர் தான் டிரம்மர் என்றார். இருவருக்கும் அன்றுதான் அறிமுகம். யாங்கோவிக் தன் அக்கார்டியன் பெட்டியை அவர் முன்னால் வைத்து, இதில் தட்டு என்றார். அந்தப் பெட்டியில் விழுந்த அடிதான் அந்தப் பதிவில் நாம் கேட்கும் தாளம். ‘பெர்முடா’ ஷ்வார்ட்ஸ் இன்றுவரை அவருக்கு டிரம் வாசிக்கிறார். 1981-இல் டாம் ஸ்னைடரின் ‘டுமாரோ’ தொலைக்காட்சி நிகழ்ச்சியில் இருவரும் இதே பாட்டைச் செய்த காட்சி இருக்கிறது. உங்கள் படத்தில் ஒரே ஒரு பழைய காட்சிக்குத்தான் இடம் என்றால் இதை எடுங்கள். துருத்தி கிழிந்துவிடுமோ என்று நமக்குப் பயம் வரும் அளவுக்கு இழுத்து வாசிக்கிறார், பக்கத்தில் ஒருவர் பெட்டியை விளாசுகிறார்.

இங்கே சொல் வேலையைப் பற்றியும் சொல்லிவிடுகிறேன். அந்தத் தலைப்பையே பாருங்கள்: பைட்ஸ் என்பது ரைட்ஸ் ஆகிறது, டஸ்ட் என்பது பஸ் ஆகிறது. நம் ஊர் யாப்புக் கணக்கில் சொன்னால் முதலெழுத்து மட்டும் மாறி எதுகை அப்படியே நிற்கிறது. ‘பீட் இட்’ முதல் மெய்யை உதிர்த்து ‘ஈட் இட்’ ஆகிறது. மடோனாவின் ‘லைக் எ வர்ஜின்’ 1985-இல் ‘லைக் எ சர்ஜன்’ ஆனது. (இந்த ஒன்றுக்கு யோசனை மடோனாவிடமிருந்தே வந்தது. யாங்கோவிக் எப்போது இப்படி மாற்றப்போகிறார் என்று அவர் ஒரு நண்பரிடம் பேச்சுவாக்கில் கேட்க, அது சுற்றி வந்து இவர் காதில் விழுந்தது.) உயிரொலி மாறாததால் பாடகரின் வாய் அசலில் எந்த இடத்தில் விரிந்ததோ அதே இடத்தில் விரிகிறது, நீண்ட இடத்தில் நீள்கிறது. அசையின் எண்ணிக்கை சரியாக இருந்து அழுத்தம் மட்டும் இடம் மாறினாலும் கேட்பவருக்கு உறுத்தும். வரி மாற்றிப் பாடும் எல்லோரும் தடுக்கி விழுவது இந்த இடத்தில்தான். ஒரு பாட்டுக்கு உட்காருமுன் அந்த விஷயத்தைச் சுற்றியுள்ள சொற்களையும் வேடிக்கைகளையும் பக்கம் பக்கமாகப் பட்டியல் போட்டுக்கொண்டு, அப்புறம் மெட்டில் உட்காரக்கூடியதை மட்டும் பொறுக்குவது அவர் வழக்கம். ஒரு பாட்டுக்கு வாரக்கணக்கில் இந்த வேலை நடக்கும்.

அப்புறம் குழு. பேஸ் வாசிக்கும் ஸ்டீவ் ஜே, கிதார் வாசிக்கும் ஜிம் வெஸ்ட், டிரம்மில் ஷ்வார்ட்ஸ், மூவரும் 1980-களின் தொடக்கத்திலிருந்து கூட இருக்கிறார்கள். கீபோர்டில் ரூபன் வால்டியெரா 1990-களின் தொடக்கத்தில் சேர்ந்தார். பாப் இசையில் ஒரு பின்னணிக் குழு இத்தனை காலம் கலையாமல் இருப்பது அபூர்வம். இவர்கள் செய்வதை யோசித்துப் பாருங்கள். ஒரே கச்சேரியில் மைக்கேல் ஜாக்சனின் குழுவாகவும் நிர்வாணா என்ற ராக் குழுவாகவும் ராப் பாட்டின் பின்னணியாகவும் மாறி, ஐரோப்பியப் போல்காவையும் வாசிக்க வேண்டும். ஜிம் வெஸ்ட் தனியாக ஹவாய் பாணி கிதாரில் தேர்ந்தவர். 2021-இல் தன் சொந்த ஆல்பத்துக்காக கிராமி விருது வாங்கியவர். இப்படிப்பட்டவர்கள் நகைச்சுவைப் பாட்டுக்கு வாத்தியம் வாசிப்பதை ஒரு படி கீழே என்று நினைக்கவில்லை. அவர்களுடைய கைகளைப் படத்தில் பார்க்க வேண்டும்.

இதற்கு ஒரு நிகழ்ச்சியே சாட்சி. 1989-இல் யாங்கோவிக் ‘யுஎச்எஃப்’ என்ற படம் எடுத்தபோது, டயர் ஸ்ட்ரெய்ட்ஸ் குழுவின் ‘மணி ஃபார் நத்திங்’ பாட்டைப் பகடி செய்ய அனுமதி கேட்டார். அந்தக் குழுவின் கிதார்காரர் மார்க் நாஃப்ளர் சம்மதித்தார், கிதாரைத் தானேதான் வாசிப்பேன் என்ற ஒரே நிபந்தனையோடு. ஆனால் அதற்குள் ஜிம் வெஸ்ட் இசைத்தட்டைக் கேட்டுக் கேட்டு, அசலில் இருந்தபடியே வாசிக்கப் பயிற்சி செய்து வைத்திருந்தார். நாஃப்ளரோ பல வருடம் மேடையில் வாசித்து வாசித்துத் தன் பாட்டையே கொஞ்சம் தளர்வாக வாசிக்கப் பழகியிருந்தார். கடைசியில் அசலைப் போல அதிகம் ஒலித்தது வெஸ்ட் வாசித்ததுதான். இதை நான் யாரிடம் சொன்னாலும் ஒரு நிமிடம் பேச்சு வராமல் நிற்பார்கள். உங்கள் 12 நிமிடத்தில் இதற்கு ஒரு நிமிடம் ஒதுக்குங்கள்.

காது என்று நான் சொல்வதற்கு இன்னொரு பக்கமும் உண்டு. அவர் எழுதும் பாட்டில் ஏறக்குறைய பாதி யாருடைய மெட்டும் இல்லாதவை. சொந்த மெட்டு, ஆனால் ஒரு குறிப்பிட்ட குழுவின் பாணியில் இருக்கும். 1985-இல் வந்த ‘டேர் டு பி ஸ்டுபிட்’ டீவோ குழுவின் பாணி. எந்தப் பாட்டையும் எடுக்காமல், அந்தக் குழு நாளைக்கு எழுதியிருக்கக்கூடிய ஒரு பாட்டை இவர் இன்றைக்கு எழுதிவிட்டார். டீவோவின் மார்க் மதர்ஸ்பா அதைக் கேட்டு அசந்துபோனார். தான் தேடிக்கொண்டிருந்த ஒலியை யாங்கோவிக் பிடித்துவிட்டதாகவும், அதற்காகவே அவரைப் பிடிக்கவில்லை என்றும் சிரித்துக்கொண்டே சொன்னார். 2018-இல் யாங்கோவிக் வேடம், திரை, ஆட்டம் எதுவும் இல்லாமல் சிறிய அரங்குகளில் பெரும்பாலும் இந்தச் சொந்தப் பாட்டுகளையே வைத்து ஒரு முழுச் சுற்றுப்பயணம் போனார். குழு முழுவதும் உட்கார்ந்தபடி வாசித்தது. ஒவ்வொரு இரவும் பாட்டு வரிசை மாறியது.

இப்போது அனுமதி. இவரை நான் மதிக்க முதல் காரணம் இதுதான். அசல் பாட்டை எழுதியவரிடம் கேட்காமல் அவர் பகடியை வெளியிடுவதில்லை. எழுதியவருக்கு உரிமைத்தொகையில் பங்கும் போகும். சட்டம் இதைக் கட்டாயப்படுத்துகிறதா என்றால், பதில் கொஞ்சம் சிக்கலானது. 1994-இல் அமெரிக்க உச்ச நீதிமன்றம் ராய் ஆர்பிசனின் ‘ஓ, ப்ரிட்டி உமன்’ பாட்டை டூ லைவ் க்ரூ குழு மாற்றிப் பாடிய வழக்கில் ஒருமனதாகத் தீர்ப்புச் சொன்னது. காசுக்காகச் செய்த பகடியும் நியாயமான பயன்பாடாக, அதாவது அனுமதி வாங்காமலே சட்டம் ஏற்கும் பயன்பாடாக, இருக்கலாம் என்றது. ஆனால் அசல் பாட்டையே விமர்சிக்கும் பகடி வேறு, அந்தப் பாட்டைக் கருவியாக்கி வேறு எதையோ கேலி செய்வது வேறு என்றும் பிரித்தது. யாங்கோவிக்கின் பாட்டுகள் பல இரண்டாவது வகை. சாப்பாட்டைப் பற்றிய ‘ஈட் இட்’ ஜாக்சன் பாட்டை விமர்சிக்கவில்லை. நீதிமன்றத்துக்குப் போயிருந்தால் என்ன ஆகியிருக்குமோ. அவர் அந்த வழியில் போகவே இல்லை, நேராகக் கேட்டார்.

கேட்டபோது கிடைத்த பதில்கள் ஒவ்வொன்றும் ஒரு கதை. மைக்கேல் ஜாக்சன் இரண்டு முறை சம்மதித்தார். 1988-இல் ‘பேட்’ பாட்டை ‘ஃபேட்’ ஆக்கியபோது, ‘மூன்வாக்கர்’ படத்துக்காகப் போட்டிருந்த சுரங்க ரயில் அரங்கையே பயன்படுத்திக்கொள்ளவும் விட்டார். பாடகர் பிரின்ஸ், இவர் கேட்டபோதெல்லாம் மறுத்தார். பால் மெக்கார்ட்னி சைவ உணவுக்காரர். ‘லிவ் அண்ட் லெட் டை’ பாட்டைக் கோழிப் பண்டமான ‘சிக்கன் பாட் பை’ ஆக்கக் கேட்டபோது தன் கொள்கைக்கு ஒத்துவராது என்றார். அது ஆல்பத்தில் வரவில்லை. 1992 முதல் தானும் இறைச்சியைக் கைவிட்ட யாங்கோவிக் அதை மதித்தார்.

நிர்வாணா கதையைக் கொஞ்சம் விரிவாகச் சொல்லலாம். ‘யுஎச்எஃப்’ ஓடவில்லை. அடுத்த இரண்டு மூன்று வருடம் அவருக்குக் கஷ்டமான காலம். 1992-இல் ‘ஸ்மெல்ஸ் லைக் டீன் ஸ்பிரிட்’ பாட்டைத் தொட ஆசை, ஆனால் நிர்வாணாவின் பாடகர் கர்ட் கோபெய்னை எப்படிப் பிடிப்பது? ‘யுஎச்எஃப்’ படத்தில் நடித்த விக்டோரியா ஜாக்சன் அப்போது ‘சாட்டர்டே நைட் லைவ்’ நிகழ்ச்சியில் இருந்தார். நிர்வாணா அங்கே வந்தபோது அவர் மூலமாகத் தொலைபேசியில் பேசினார். சாப்பாட்டைப் பற்றிய பாட்டா என்று கோபெய்ன் கேட்டார். இல்லை, நீங்கள் பாடுவது யாருக்கும் புரிவதில்லை என்பதைப் பற்றி என்றார் இவர். கோபெய்ன் உடனே சரி என்றார். பாட்டில் வாய் கொப்பளிக்கும் சத்தமும் உண்டு. வீடியோவுக்கு அதே மாதிரி அரங்கம் அமைத்து, அசலில் துடைப்பத்தோடு ஆடிய துப்புரவுப் பணியாளராக நடித்தவரையே மறுபடி கூட்டிவந்தார்கள். அசல் பாட்டையே விமர்சிக்கும் பகடிக்கு இது நல்ல எடுத்துக்காட்டு, நீதிமன்றம் சொன்ன முதல் வகை.

ராப் பாடகர் கூலியோ விஷயத்தை மறைக்காமல் சொல்லுங்கள். 1996-இல் ‘கேங்ஸ்டாஸ் பாரடைஸ்’ பாட்டை ‘ஆமிஷ் பாரடைஸ்’ (ஆமிஷ் என்பவர்கள் நவீன வசதிகளைத் தவிர்த்து வாழும் ஒரு கிறிஸ்தவப் பிரிவினர்) ஆக்கியபோது கூலியோ சம்மதித்துவிட்டார் என்று நிறுவனத் தரப்பில் இவருக்குத் தகவல் வந்தது. வெளியான பிறகு கூலியோ, நான் சம்மதிக்கவே இல்லை என்றார், கோபப்பட்டார். யாங்கோவிக் மன்னிப்புக் கடிதம் எழுதினார். அதன் பிறகு இடைத்தரகர் பேச்சை நம்பாமல் கலைஞரிடமே நேரடியாகக் கேட்பது என்று வைத்துக்கொண்டார். பின்னாளில் இருவரும் சமாதானமானார்கள். அன்று தான் நடந்துகொண்டது தவறு என்று கூலியோவே சொன்னார். அவருடைய பாட்டே ஸ்டீவி வொண்டரின் ‘பாஸ்டைம் பாரடைஸ்’ மேல் கட்டப்பட்டது என்பதையும் ஒரு வரியில் சேர்த்தால் பார்ப்பவர்களுக்கு விஷயம் தெளிவாகும்.

விருது, விற்பனை விவரங்களை ஒரே அட்டையில் போட்டு முடித்துவிடலாம். ஐந்து கிராமி. 2006-இல் ‘ஒயிட் அண்ட் நெர்டி’ பில்போர்டு பட்டியலில் 9-வது இடம், அவருடைய முதல் ‘டாப் டென்’. 2014-இல் ‘மேண்டட்டரி ஃபன்’ ஆல்பம் முதல் இடம். ஒரு நகைச்சுவை ஆல்பம் அங்கே ஏறியது 1963-இல் ஆலன் ஷெர்மனுக்குப் பிறகு அதுவே முதல் முறை. எட்டு நாளில் எட்டு வீடியோக்களை இணையத்தில் வெளியிட்டார்.

2004 ஏப்ரல் 9 பற்றி மட்டும் கவனமாக இருங்கள். அன்று அவருடைய அப்பாவும் அம்மாவும் கலிஃபோர்னியாவில் தங்கள் வீட்டில், கணப்பிலிருந்து வந்த கார்பன் மோனாக்சைடு வாயுவால் இறந்துபோனார்கள். அவர் அப்போது சுற்றுப்பயணத்தில் இருந்தார். செய்தி வந்த அன்றிரவு விஸ்கான்சினில் ஆப்பிள்டன் என்ற ஊரில் கச்சேரி. ரத்து செய்யாமல் பாடினார். கஷ்டமான நேரத்தில் உங்கள் பாட்டு எங்களைத் தேற்றியது என்று எத்தனையோ பேர் தன்னிடம் சொல்லியிருக்கிறார்கள், அது தன்னையும் தேற்றலாம் என்று நினைத்ததாகப் பின்னர் சொன்னார். இதைப் படத்தில் சொல்வதானால் பின்னணி இசை எதுவும் வேண்டாம். கறுப்புத் திரை, இரண்டு வரி எழுத்து, பத்து வினாடி நிசப்தம். ஒரு படத்தில் இதுபோன்ற இடத்தில் நான் வயலின் போட்டுவிட்டு இன்றுவரை வருந்துகிறேன்.

இரண்டு எச்சரிக்கை. 2022-இல் டேனியல் ராட்கிளிஃப் நடித்து வந்த ‘வியர்ட்: தி அல் யாங்கோவிக் ஸ்டோரி’ படத்திலிருந்து எந்தத் தகவலையும் எடுக்காதீர்கள். வாழ்க்கை வரலாற்றுப் படங்களையே பகடி செய்யும் படம் அது. மடோனாவோடு காதல் உட்பட அதில் வருவது பெரும்பாலும் கற்பனை. 1985-இல் வந்த ‘தி கம்ப்ளீட் அல்’ ஆவணப்படம் போலத் தோன்றும், அதிலும் நிஜமும் கற்பனையும் கலந்திருக்கும்.

இரண்டாவது எச்சரிக்கை உரிமம் பற்றியது. பகடிப் பாட்டைப் படத்தில் வைப்பது சாதாரணப் பாட்டை வைப்பதைவிடச் சிக்கல். பதிவின் உரிமை ஒரு நிறுவனத்திடம் இருக்கும். மெட்டின் உரிமை அசல் பாட்டை எழுதியவரிடம் அல்லது அவருடைய வெளியீட்டாளரிடம் இருக்கும். புதிய வரிகளின் உரிமை வேறு. இந்தியப் பதிப்புரிமைச் சட்டத்தின் 52-வது பிரிவில் விமர்சனத்துக்கும் மதிப்புரைக்கும் நியாயமான அளவில் எடுத்துக்காட்ட இடம் இருக்கிறது. பகடிக்கென்று தனி விலக்கு அதில் இல்லை. வகுப்பறைக்குள் காட்டுவது ஒன்று, விழாக்களுக்கு அனுப்புவது இன்னொன்று. எனவே எடுக்கும் துண்டுகளைச் சில வினாடிகளில் நிறுத்தி, ஒவ்வொன்றின் மேலும் விளக்கத்தைப் பேசுங்கள். படத்தை வெளியே அனுப்புமுன் விவரம் தெரிந்த வழக்கறிஞர் ஒருவரிடம் காட்டிவிடுங்கள்.

மீதியை நீங்களே உருவாக்கலாம். பதிப்புரிமை முடிந்த பழைய மெட்டு ஒன்றை எடுத்துக்கொள்ளுங்கள். வகுப்பில் யாருக்காவது ஹார்மோனியம் வாசிக்கத் தெரிந்திருக்கும். வீட்டில் கெட்டியான பழைய சூட்கேஸ் ஒன்று கிடக்கும். வரி மாற்றி எழுத நண்பர்களிடம் கொடுங்கள். அவர்கள் முதலில் எழுதும் வரி மெட்டில் உட்காராது, அதையும் படமெடுங்கள். எத்தனை முறை அடித்து எழுதுகிறார்கள் என்பதைக் காட்டுங்கள். பாட்டு உருவானதும் ஒருவர் ஹார்மோனியத்தோடு, ஒருவர் சூட்கேஸோடு உங்கள் கல்லூரிக் கழிப்பறையில் நின்று பாடட்டும். யாங்கோவிக்கின் முதல் பதிவைப் பற்றிப் பேசும் இடத்தில் இதை வைத்தால் பார்ப்பவர்களுக்கு அந்த எதிரொலி காதில் விழும். ஒத்திகைக்கு ஒரு நாள், பதிவுக்கு ஒரு நாள் போதும். காலையில் ஆள் நடமாட்டம் தொடங்குவதற்கு முன்னால் போங்கள், குழாய்களை இறுக்கி மூடுங்கள். செல்பேசியில் பதியாமல் எங்காவது ஒரு நல்ல மைக் இரவல் வாங்கிக்கொள்ளுங்கள்.